சர் மார்டிமரின் சுண்டுவிரல்

அத்தியாயம் பதினொன்று

ஒரு வாரமாக ஹில்டா லட்புரூக்குக்குச் சரியான தூக்கம் இல்லை. போன செவ்வாய்க்கிழமை 'மூட்டை இலாகா' படத்தின் நாலாவது ரீலை ஒட்டி முடித்து ஓட்டிப் பார்த்தபோதுதான் அவளுக்கு விஷயம் உறைத்தது. இங்கிலாந்து முழுக்கப் பார்த்துச் சிரிக்கப்போகிற அந்த அசட்டு அதிகாரி சர் மார்டிமர் வேறு யாருமில்லை, அவளுடைய அண்ணன் ரோலண்ட்.

படத்தை இயக்கியவன் தம்பி கிளெமென்ட். அதற்குப் பணம் புரட்டித் தந்தவர் ரோலண்ட். நடுவில் பிறந்த ஹில்டா இருவர் எடுத்ததையும் வெட்டி ஒட்டுகிறவள். யுத்தம் முடிந்த நாளிலிருந்து லட்புரூக் கம்பெனி இப்படித்தான் நடக்கிறது. ஒரு படத்தை அண்ணன் இயக்கினால் தம்பி தயாரிப்பான், அடுத்த படத்தில் இருவரும் நாற்காலி மாறிக்கொள்வார்கள். அதில் ஒரே ஒரு சட்டம் உண்டு. படம் ஜனங்கள் முன்னால் ஒரு தடவை ஓடி முடிகிறவரைக்கும் தயாரிப்பாளர் கத்தரிக்கோல் பக்கமே தலைவைத்துப் படுக்கக் கூடாது.

அந்த முதல் ஓட்டம் இன்று மாலை, டூட்டிங் பேட்டையில் ஒரு கொட்டகையில்.

வெட்டும் அறையின் கூரைத் தகரத்தில் மழை விடாமல் தட்டிக்கொண்டிருந்தது. ஒட்டுப்பசையின் வாடை தலைக்குள் ஏறி உட்கார்ந்திருந்தது. ஹில்டா வெள்ளைக் கையுறையைக் கழற்றி மேஜைமேல் போட்டாள். இன்றோடு இந்தப் படம் தொலைந்தால் ஒரு மாசம் படுத்துத் தூங்குவேன் என்று நினைத்துக்கொண்டாள். போன படத்திலும் அப்படித்தான் நினைத்தாள்.

கிளெம் உள்ளே வந்தான். நனைந்த கோட்டைக் கழற்றக்கூட இல்லை.

"ரீலெல்லாம் தயாரா? எடுத்துட்டுப் போற வண்டி மூணு மணிக்கு வந்துடும்."

"நாலாவது ரீல்ல அந்தப் பென்சில் காட்சியை எடுத்துடலாம்னு பாக்கறேன்," என்றாள் ஹில்டா.

"எதுக்கு?"

"எதுக்குன்னு உனக்கே தெரியும்."

"தெரியாதே."

"அந்த ஆள் ரோலிடா! பேசறதுக்கு முன்னாடி டையைத் தடவிப் பாத்துக்கறது, தொண்டையைச் செருமறது, எதுக்கெடுத்தாலும் 'எல்லாத்துக்கும் ஒரு முறை இருக்கு'ன்னு சொல்றது. பொறந்ததுலேர்ந்து ரோலி எதிர்ல உக்காந்து முட்டை சாப்பிட்டவ நான். எனக்கே காது குத்தறியா?"

கிளெம் மூக்கைச் சொறிந்துகொண்டான். மாட்டிக்கொண்டால் அவன் சின்ன வயசிலிருந்தே அதைத்தான் செய்வான்.

"சரி, ரோலிதான். அதனால என்ன? போன படங்கள்ல கர்னலைக் கிண்டல் பண்ணினோம், பாதிரியாரைப் பண்ணினோம், டாக்டரைப் பண்ணினோம். ஒரு கர்னலாவது கோவிச்சுக்கிட்டானா? எல்லாரும் கையைப் பிடிச்சுக் குலுக்கி, 'இதே மாதிரி ஒருத்தனை எனக்குத் தெரியும்'னுதானே சொன்னாங்க? தன்னைத் தானே எவனும் கண்டுபிடிக்க மாட்டான், ஹில்டா. நம்ம பொழப்பே அதுலதான் ஓடுது."

"அந்தக் கர்னல் ஞாயித்துக்கிழமை நம்ம மேஜைல உக்காந்து எனக்கு இறைச்சி வெட்டிப் போடலியே."

"அந்தக் காட்சிக்கு அவனே வந்து கையைக் குடுத்தான். நான் பிடுங்கலை."

அது உண்மைதான்.

படத்தின் கதை இதுதான். யுத்தகாலத்தில் மணல் மூட்டை எண்ணுவதற்காக ஏற்பட்ட ஒரு இலாகாவை மூட எல்லோரும் மறந்துபோகிறார்கள். சண்டை ஓய்ந்து பல வருஷமாகியும் சர் மார்டிமர் கோட்டும் சூட்டுமாக வந்து மூட்டை எண்ணிக்கொண்டிருக்கிறார். ஒருநாள் டெலிபோன் அடிக்கிறது. யுத்தம் முடிந்துவிட்டது என்று அவருக்குச் சொல்லத்தான் யாரோ கூப்பிடுகிறார்கள். அவரோ போனை எடுக்காமல், மேஜைமேல் இருக்கும் பென்சில்களை உயரவாரியாக அடுக்குகிறார். ஒன்று உருள்கிறது. மறுபடியும் முதலிலிருந்து அடுக்குகிறார். டெலிபோன் கதறுகிறது. எல்லாம் அடுக்கி முடித்துத்தான் போனை எடுக்கிறார்.

அந்தக் கைகளை மட்டும் கிட்டத்தில் எடுக்க வேண்டிய நாளில், சர் மார்டிமராக நடித்த செட்ரிக் வேன், ராத்திரி நாடகத்துக்கு நேரமாயிற்று என்று ஐந்து மணிக்கே காரேறிவிட்டான். யாராவது கைகொடுங்கள் என்று கிளெம் கேட்டான். ரோலண்ட் உட்கார்ந்தார். "உன் மேஜைல என்ன செய்வியோ, அதையே செய்," என்றான் கிளெம். ரோலண்டும் செய்தார்.

அவருடைய இடது சுண்டுவிரல் நேராக நிற்காது. சின்ன வயசில் ஒருநாள் ஹில்டாவின் பொம்மை துணி பிழியும் உருளைக்குள் போய்விட்டது. அவள் அலறியதைக் கேட்டு ரோலண்ட் யோசிக்காமல் கையைவிட்டார். பொம்மை வந்தது, விரல் கோணிக்கொண்டது. பென்சில் அடுக்கும்போது அந்த விரல் மட்டும் தனியாக, பெரிய மனுஷத்தனமாக விலகி நிற்கும். திரையில் அதைப் பார்த்துச் சிரிக்காமல் இருக்க முடியாது. முதல் தடவை ஹில்டாவே சிரித்துவிட்டாள். இன்னும் அவள் தன்னை மன்னிக்கவில்லை.

"வெட்டாதே," என்றான் கிளெம் கதவருகே நின்று. "படத்திலேயே பெரிய சிரிப்பு அதுதான். அது போனா டூட்டிங்ல கொட்டாவிதான் விடுவாங்க. கெஞ்சிக் கேக்கறேன்."

"கெஞ்சற மாதிரி தெரியலியே."

"குளிர்ல நடுங்கறேன். அதனால அப்படித் தெரியுது," என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

பதினொரு மணிக்கு டெலிபோன் அடித்தது. ரோலண்டின் மனைவி மார்ஜரி.

"ஹில்டா, உன் அண்ணனுக்கு என்ன ஆச்சு? ராத்திரியெல்லாம் சமையல்கட்டுல உக்காந்து டீயாக் குடிச்சுக்கிட்டிருக்காரு. கேட்டா களைப்புங்கறாரு. களைச்சவங்க தூங்குவாங்களா, கெட்டிலை வெப்பாங்களா?"

"படம் முடியற நேரம், மார்ஜரி. எல்லாருக்கும் அப்படித்தான்."

"எனக்கும் இது புதுசில்லை. ஆனா நேத்து..." மார்ஜரியின் குரல் தழைந்தது. "ரொட்டிக்கு வெண்ணெய் தடவிக்கிட்டே இருந்தவரு திடீர்னு நிமிந்து, 'மார்ஜரி, என்னைப் பாத்தாக் கோமாளி மாதிரியா இருக்கு?'ன்னு கேட்டாரு."

ஹில்டாவுக்குத் தூக்கிவாரிப்போட்டது.

"நீ என்ன சொன்னே?"

"சட்டைல வெண்ணெய் ஒட்டியிருக்குன்னு சொன்னேன். வேற என்ன சொல்றது?"

போனை வைத்தபிறகும் ஹில்டா அப்படியே உட்கார்ந்திருந்தாள். ரோலிக்கு அரைகுறையாகச் சந்தேகம் தட்டியிருக்கிறது. இன்று மாலை இருட்டில், முன்பின் தெரியாத ஐநூறு பேர் அந்த விரலைப் பார்த்து விழுந்து விழுந்து சிரிக்கும்போது மிச்சமும் விளங்கிவிடும். அப்புறம் லட்புரூக் கம்பெனி ஏது? ஒருத்தன் முகத்தில் ஒருத்தன் விழிப்பானா? ஞாயிற்றுக்கிழமை மேஜையில் யார் யாருக்கு வெட்டிப் போடுவது?

உதவியாளர் டோரீன் டீ கொண்டுவந்து வைத்தாள். ஹில்டாவைவிடப் பத்து வயசு பெரியவள், விதவை. எதையும் மனசில் வைத்துக்கொள்ளத் தெரியாதவள்.

"மூஞ்சி செத்துப்போய்க் கிடக்கு, மிஸ் லட்புரூக். நீங்க ஆம்பளைங்க ரெண்டு பேருக்கு நடுவுல கதவு மாதிரி இருக்கீங்க. ரெண்டு பக்கமும் உதைக்கறாங்க."

"டீயை வெச்சுட்டுப் போ, டோரீன்."

"வெச்சாச்சு. சர்க்கரை ரெண்டு போட்டிருக்கேன். இன்னிக்கு வேணும்போல இருந்துது."

மத்தியானம் ரோலண்டே வந்துவிட்டார். உள்ளே வந்ததும் சுவரைப் பார்த்தபடி திரும்பி நின்றுகொண்டார். சட்டம் சட்டம்தான். ஓட்டிப் பார்க்கும் இயந்திரத்தில் படம் மாட்டியிருந்தால் தயாரிப்பாளர் கண்ணில் படக்கூடாதே!

"ஒண்ணும் ஓடலை, ரோலி. திரும்பலாம்."

"எல்லாத்துக்கும் ஒரு முறை இருக்கு," என்றபடி திரும்பினார். கையில் காகிதப் பொட்டலம். "நீ சாப்பிட்டிருக்க மாட்டேன்னு தெரியும். ஹாம் சாண்ட்விச். கடுகு வேண்டாம்னு சொல்லிட்டேன்."

அவர் இளைத்திருந்தார். கண்ணுக்குக் கீழே பை கட்டியிருந்தது. மேஜை ஓரத்தில் உட்கார்ந்து, ஹில்டா சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கை தானாகவே அவளுடைய குறிபோடும் பென்சில்களைப் பொறுக்கி எடுத்தது. பெரியது, அதற்கடுத்தது, அதற்கடுத்தது. கோணல் விரல் தனியாக நின்றது.

ஹில்டா ரொட்டியைக் கீழே வைத்துவிட்டு அந்த விரலையே பார்த்தாள்.

"நீ ஏன் இப்படிப் பாக்கறே?" என்றார்.

"ஒண்ணுமில்லை. நீ தூங்கறதில்லைன்னு மார்ஜரி சொன்னா."

"மார்ஜரி பி.பி.சி.க்கே போட்டியாப் போயிடுவா." சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "ஹில்டா, உங்கிட்ட ஒண்ணு சொல்லணும். இந்தப் படம் ஓடினப்புறம்..."

"சொல்லு."

அவர் பென்சில்களை இன்னொரு தடவை சரிசெய்தார்.

"இப்ப வேண்டாம். மொதல்ல ஜனங்க பாக்கட்டும். சாயங்காலம் எம் பக்கத்துல உக்காரு, என்ன?"

அவர் போய்க் கதவு சாத்திய சத்தம் அடங்குமுன் ஹில்டா கையுறையை மாட்டிக்கொண்டாள். நாலாவது ரீலை எடுத்தாள். டெலிபோன் மணி ஒருதரம் அடித்து நின்று மறுதரம் அடிப்பதற்குள் சின்ன மௌனம் இருந்தது. அங்கே வெட்டினால் ஒலி துண்டித்தது யாருக்கும் தெரியாது. வெட்டினாள். ஒட்டினாள். இத்தனை வருஷத்தில் அவள் செய்த ஆகச் சுத்தமான ஒட்டு அது. கைகள் இருந்த துண்டைச் சுருட்டிக் கைப்பைக்குள் போட்டு மூடினாள்.

டோரீன் எல்லாவற்றையும் பார்த்தாள். ஆச்சரியம், ஒன்றும் சொல்லவில்லை.

டூட்டிங் கொட்டகையில் ஈரக்கோட்டு வாடையும் சிகரெட் புகையும் நிறைந்திருந்தன. ஜனங்களுக்கு இன்ன படம் என்று சொல்லவில்லை, புதுப்படம் ஒன்று கூடுதலாகக் காட்டப்படும் என்று மட்டும் வாசலில் எழுதியிருந்தது. கிளெம் வழக்கப்படி பக்கவாட்டுச் சுவரில் சாய்ந்து நின்றான். அவன் படத்தைப் பார்க்க மாட்டான், முகங்களைத்தான் பார்ப்பான். ரோலண்ட் நடுவரிசையில் ஹில்டாவின் பக்கத்தில் உட்கார்ந்து, தொப்பியை மடியில் வைத்துக்கொண்டார்.

படம் நன்றாகத்தான் ஓடியது. செட்ரிக் வேன் டையைத் தடவிய முதல் தடவையே முன்வரிசையில் ஒரு பெண்பிள்ளை களுக்கென்று சிரித்தாள். அது பின்னால் பரவியது. ரோலண்டும் சிரித்தார். ஹில்டா அவரைப் பார்க்கவில்லை. கைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

நாலாவது ரீல் வந்தது. டெலிபோன் அடித்தது. ரோலண்ட் நாற்காலியில் கொஞ்சம் முன்னால் நகர்ந்தார்.

சர் மார்டிமர் போனை எடுத்தார். அவ்வளவுதான். யாரோ இருமினார்கள். ஐஸ்கிரீம் டப்பா ஒன்று படியில் உருண்டது. காட்சி சப்பென்று போய்விட்டது. சுவரோரம் கிளெமின் தலை வெடுக்கென்று திரைப்பக்கம் திரும்பியது.

ரோலண்ட் மெதுவாகச் சாய்ந்து உட்கார்ந்தார்.

"ஹில்டா," என்றார் கிசுகிசுப்பாக. "என் கை எங்கே?"

அவள் கைப்பையை மடியோடு அணைத்துக்கொண்டாள்.

"பென்சில் அடுக்கற கை. எங்கே போச்சு?"

"வெட்டிட்டேன்."

"ஏன்?"

"உனக்குத் தெரிஞ்சுடக் கூடாதேன்னு."

"என்ன தெரியக் கூடாது? அந்த ஆள் நான்தாங்கறதா?" அவர் குரலில் கோபமில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. "தினமும் சவரம் பண்றப்ப பாக்கற மூஞ்சியாச்சே, ஹில்டா. எடுக்க ஆரம்பிச்ச முதல் வாரமே தெரிஞ்சுபோச்சு."

"தெரிஞ்சா கையைக் குடுத்தே?"

"மொதல்ல கோபம் வந்துது. ராத்திரி உக்காந்து யோசிச்சேன். நான் அப்படித்தானே இருக்கேன்? அப்புறம் கிளெம் வந்து கை கேட்டான். சரி, சிரிக்கறதுன்னா ஒழுங்காச் சிரிக்கட்டும்னு கொஞ்சம் கூடவே செஞ்சேன். அந்தச் சுண்டுவிரலைக் கேமராப் பக்கம் திருப்பிக் காட்டினதே நான்தான்." இருட்டில் அவர் விரலைத் தடவிக்கொள்வது தெரிந்தது. "முதல் தடவையா நானும் நடிச்சேன்."

சுற்றிலும் ஜனங்கள் வேறெதற்கோ சிரித்தார்கள். அது அடங்குகிறவரை அவர் காத்திருந்தார்.

"மான்செஸ்டர்ல ஒரு டெலிவிஷன் கம்பெனில கூப்பிட்டாங்க. வரேன்னு சொல்லிட்டேன். களைச்சுப்போச்சு, ஹில்டா. பணம் கேட்டுப் போன வீட்டுலல்லாம் தொப்பியைக் கழட்டிக் கழட்டித் தலையே தேஞ்சுபோச்சு. கிளெமுக்கு இன்னும் தெரியாது. இன்னிக்கு அந்தக் கையைப் பாத்து எல்லாரும் சிரிக்கறதை ஒரு தடவை காதால கேட்டுட்டு, அந்தச் சந்தோஷத்துலயே அவங்கிட்டச் சொல்லிடலாம்னு இருந்தேன்."

ஹில்டாவுக்கு அழுகை முட்டியது. அண்ணனைக் காப்பாற்றுகிறோம் என்று நினைத்து, அவர் ஆசையாக விட்டுப்போக நினைத்த ஒன்றே ஒன்றைத் திருடிக் கைப்பையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். மன்னித்துவிடு என்று சொல்லக்கூட வெட்கமாக இருந்தது.

படம் முடிந்தது. கைதட்டல் சுமாராக இருந்தது. விளக்கு எரிந்ததும், கடைசியில் போடும் தேசிய கீதம் ஆரம்பிப்பதற்குள் தப்பித்துப் பஸ்ஸைப் பிடிக்கிற கூட்டம் தொப்பியும் குடையுமாக வாசலுக்கு ஓடியது. அந்த ஓட்டத்துக்கு எதிராகக் கிளெம் வந்தான். முகம் வெளுத்திருந்தது.

"யார் வெட்டினது?"

ஹில்டா வாயைத் திறந்தாள்.

"நான்தான் வெட்டச் சொன்னேன்," என்றார் ரோலண்ட்.

ஹில்டா திகைத்துப்போய் அவரைப் பார்த்தாள். அவர் திரும்பவில்லை. ஏன் சொல்கிறார் என்று அவளுக்கு உடனே புரிந்தது. அவர் போய்விடுவார். இனிமேல் கிளெமோடு ஒரே அறையில் வேலை செய்யவேண்டியவள் அவள். அதற்காக மறுபடியும், யோசிக்காமல், அந்த உருளைக்குள் கையை விட்டுவிட்டார்.

"நீயா?" என்றான் கிளெம். "படம் ஓடறதுக்கு முன்னாடியா?"

"ஆமா."

"எத்தனை வருஷம், ரோலி! இருக்கறது ஒரே ஒரு சட்டம். நீ எடுத்த படங்கள்ல எனக்குப் பிடிக்காதது எவ்வளவு இருந்துது தெரியுமா? ஒரு அடி தொட்டிருப்பேனா?" அவன் குரல் உடைந்தது. "ஊரையெல்லாம் பாத்துச் சிரிக்கலாம், உன்னைப் பாத்து மட்டும் சிரிக்கக் கூடாது. அப்படித்தானே? சர் மார்டிமர் எவ்வளவோ தேவலை. அந்த ஆளுக்குத் தான் யாருன்னு தெரியாது. நீ தெரிஞ்சுக்கிட்டே கத்தரியை எடுத்திருக்கே. நாளையிலேர்ந்து உன் வழி..."

முரசு அதிர்ந்தது. தேசிய கீதம் தொடங்கிவிட்டது.

கிளெமின் வாய் பாதியில் மூடிக்கொண்டது. ஓடத் தவறிய ஜனங்கள் அங்கங்கே கால் ஊன்றி நின்றார்கள். லட்புரூக் வீட்டுப் பிள்ளைகள் மூவரும் அப்பா சொல்லிக்கொடுத்தபடி விறைத்து நின்றார்கள், பார்வை திரையில், கை பக்கவாட்டில். படம் எடுத்து நாட்டையே கேலி செய்கிறவர்கள்தான், ஆனாலும் இந்தப் பாட்டுக்கு இன்றுவரை ஒருத்தரும் அசைந்ததில்லை. ரோலண்டின் கோணல் விரல் மட்டும் கால்சட்டைத் தையலோடு ஒட்டாமல் விலகி நின்றது.

கிளெமின் கன்னத்தில் ஈரம் ஓடியது. துடைத்துக்கொள்ளவும் அவன் கை தூக்கவில்லை.

இந்தப் பாட்டு முடிந்தால் அவன் மிச்சத்தைச் சொல்லிவிடுவான். சொல்லிவிட்டால் அதைத் திரும்ப வாங்கிக்கொள்கிற சுபாவம் அவனுக்குக் கிடையாது. ஹில்டா ஒரு கணம் கண்ணை மூடித் திறந்தாள்.

வாத்தியங்கள் முழங்கிக்கொண்டிருக்க, அவள் கையை மெல்ல உயர்த்தினாள். கைப்பையின் கொக்கி 'டக்'கென்று திறந்தது. அந்தச் சின்னச் சத்தத்துக்குத் தம்பி திரும்பிப் பார்த்தான். அண்ணன் கண்ணாலேயே வேண்டாம், வேண்டாம் என்றார்.

அவள் தான் வெட்டிய சுருளை வெளியே எடுத்துத் தம்பியிடம் நீட்டினாள்.